காடு மீட்டுக்கொண்ட பாதை

தாய்லாந்தின் மேற்குப் பகுதியில், காஞ்சனபுரி மாநிலத்தில், நாம் தோக் என்னும் பெயருடைய சிறியதோர் இரயில் நிலையம் இருக்கிறது. சயாமிய மொழியில் அச்சொல்லுக்கு அருவி என்பது பொருள். பாங்காக்கின் மேற்குக் கரையிலிருந்து காலையில் புறப்படும் பயணிகள் இரயில் நெல்வயல்களையும் கரும்புக் கொல்லைகளையும் கடந்து, ஆற்றோரமாக வளைந்து வளைந்து ஏறி, நண்பகல் கழிந்த வேளையில் அங்கு வந்து நின்றுவிடுகிறது. அந்நிலையத்திற்குச் சற்று அப்பால், சாயோக் நோய் அருவியின் அருகே, தண்டவாளமே முடிந்துபோகிறது. அங்குப் பழைய நீராவி இயந்திரம் ஒன்று காட்சிப் பொருளாக நிறுத்தப்பட்டிருக்கிறது. அதற்கும் அப்பால் மூங்கிற் காடு தொடங்குகிறது.

ஒரு காலத்தில் தண்டவாளம் அங்கே முடியவில்லை. அது மலைகளுக்கிடையே புகுந்து, மூன்று பகோடாக் கணவாயைத் தாண்டி, பர்மாவில் கடலுக்கு அருகேயுள்ள தான்பியூசயாட் வரை சென்றது. நோங் பிளாடுக் என்னும் சந்திப்பிலிருந்து அவ்வூர் வரை 415 கிலோமீட்டர். அவற்றுள் இன்று இரயில் ஓடுவது ஏறத்தாழ 130 கிலோமீட்டர் மட்டுமே. எஞ்சிய இரு பங்குக்கும் மேற்பட்ட பாதையைக் காடும் ஆறும் மண்ணும் மெல்ல மெல்லத் திரும்ப எடுத்துக்கொண்டன. ஆங்கிலேயரும் ஆஸ்திரேலியரும் 'மரண இரயில்' என்று எழுதிய அந்தப் பாதையை, மலாயாத் தோட்டங்களில் 'சயாம் ரயில்' என்றே சொன்னார்கள். 'சயாமுக்குப் போனவர்' என்றால் திரும்பி வராதவர் என்று இலயங்களில் பொருள் கொண்ட காலம் ஒன்று இருந்தது.

மனிதன் கட்டிவிட்டுப் போனவற்றை இயற்கை எவ்வாறு மூடுகிறது என்பதற்கு அங்கோர் முதலிய பழம்பெரு நகரங்களையே வரலாற்று நூல்கள் எடுத்துக்காட்டும். அங்கே மூடியது பல நூற்றாண்டுகளின் காடு. மூடப்பட்டது மன்னர்களின் கல். சயாம்–பர்மாப் பாதையோ ஒரு தலைமுறைக்குள்ளேயே மறைந்தது. அது மறைந்த விதத்தையும், அதில் எது மீண்டும் வெளிப்பட்டது, எது வெளிப்படவில்லை என்பதையும் ஆராய்ந்தால், காட்டைப் பற்றி மட்டுமன்றி மனிதரைப் பற்றியும் சில செய்திகள் கிடைக்கின்றன.

1942ஆம் ஆண்டு ஜூன் மாதம் மிட்வே கடற்போரில் ஜப்பான் பெருந்தோல்வி கண்டது. அதன்பின், பர்மாவிலிருந்த தன் படைகளுக்குச் சிங்கப்பூரைச் சுற்றி மலாக்கா நீரிணை வழியாகக் கப்பலில் உணவும் குண்டும் அனுப்புவது ஆபத்தான செயலாயிற்று. நேச நாடுகளின் நீர்மூழ்கிகள் அவ்வழியில் காத்திருந்தன. ஆகவே சயாமையும் பர்மாவையும் தரைவழியே இணைக்க ஜப்பானியர் துணிந்தனர். இந்த எண்ணம் புதியதன்று. பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியிலேயே ஆங்கிலேயர் இதனை எண்ணிப் பார்த்து, மலையும் மழையும் நோயும் மிகுந்த அப்பகுதியில் இயலாது என்று கைவிட்டிருந்தனர். அவர்களை அஞ்ச வைத்தது செலவு. ஜப்பானியருக்கு அந்த அச்சம் இல்லை. ஏனெனில் அவர்கள் செலவிட்டது பணத்தை அன்று. இருமுனைகளிலிருந்தும் 1942ஆம் ஆண்டின் நடுப்பகுதியில் தொடங்கிய வேலை, 1943ஆம் ஆண்டு அக்டோபர் 17ஆம் நாள் கொன்கோய்தா என்னுமிடத்தில் தண்டவாளங்கள் கூடியதோடு நிறைவெய்தியது. ஏறத்தாழப் பதினாறு மாதங்கள்.

தண்டவாளங்கள் எங்கிருந்து வந்தன என்பது மலேசிய வாசகர் அறிந்திருக்க வேண்டிய செய்தி. புதிய இரும்பு வார்க்கப்படவில்லை. ஏற்கெனவே ஓடிக்கொண்டிருந்த பாதைகள் பெயர்க்கப்பட்டன. 1931ஆம் ஆண்டில்தான் கிமாஸ் முதல் தும்பாட் வரை முழுமை பெற்றிருந்த மலாயாவின் கிழக்குக் கரைப் பாதையில் பகாங், கிளந்தான் காடுகளினூடே சென்ற நீண்டதொரு பகுதியின் தண்டவாளங்கள் கழற்றப்பட்டுச் சயாமுக்கு ஏற்றப்பட்டன. தம்பினிலிருந்து மலாக்கா நகருக்கு 1905ஆம் ஆண்டு முதல் ஓடிய கிளைப்பாதையும் அவ்வாறே போயிற்று. கிழக்குக் கரைப் பாதையை மீண்டும் போட்டு முடிக்கப் போருக்குப் பின் 1950களின் நடுப்பகுதி வரை ஆயிற்று. அதற்குள் வெறுமையாய்க் கிடந்த தடத்தில் காடு ஏறிவிட்டிருந்தது. மலாக்காவின் கிளைப்பாதையோ திரும்பி வரவேயில்லை. வரலாற்றுப் பெருமை பெற்ற அந்நகருக்கு இரயிலில் செல்ல விரும்புவோர் இன்றும் தம்பினை அடுத்த பூலாவ் செபாங் நிலையத்தில் இறங்கிப் பேருந்து ஏற வேண்டியிருப்பதன் காரணம் இதுவே. ஆக, சயாமில் ஒரு பாதை தோன்றுவதற்காக மலாயாவில் இரண்டிடங்களில் பாதை மறைந்தது. காடு தன் வேலையை முதலில் தொடங்கியது மலாயாவில்தான்.

இரும்பைப் போலவே ஆட்களும் பெயர்க்கப்பட்டனர். ஆங்கிலேயர், ஆஸ்திரேலியர், டச்சுக்காரர், சிறு தொகையினரான அமெரிக்கர் என ஏறத்தாழ 60,000 போர்க்கைதிகள் அங்கு வேலை வாங்கப்பட்டனர். அவர்களுள் 12,000 பேருக்கு மேல் மாண்டனர். ஜப்பானியர் 'ரோமுஷா' என்றழைத்த ஆசியத் தொழிலாளர்களின் தொகை இதனினும் பன்மடங்கு பெரிது. பர்மியர், சாவகத்தார், மலாய்க்காரர், சீனர், தமிழர் என 180,000 முதல் 250,000 பேர் வரை அங்குச் சென்றிருக்கலாம் என்றும், அவர்களுள் ஏறத்தாழ 90,000 பேர் இறந்திருக்கலாம் என்றும் கணக்கிடுவர். கைதிகளின் தொகையில் பிழை நூறுகளில் இருக்கிறது. தொழிலாளரின் தொகையில் பிழை பத்தாயிரங்களில் இருக்கிறது. இந்த வேறுபாடே ஒரு வரலாறு.

மலாயாவிலிருந்து சென்றோருள் பெரும்பாலோர் ரப்பர்த் தோட்டங்களின் தமிழர். போரினால் பால்மரத்திற்கு விலை இல்லாமற் போயிற்று. தோட்ட நிருவாகங்கள் ஓடிவிட்டன. அரிசி அருகிப்போய் மரவள்ளிக் கிழங்கே உணவாயிற்று. அந்நிலையில் நாளொன்றுக்கு ஒரு வெள்ளி கூலி, இலவச உணவு, மூன்று மாதத்தில் திரும்பி விடலாம் என்ற சொற்கள் தோட்டங்களில் பரவின. முதலில் சென்றோர் சிலர் இச்சொற்களை நம்பியே சென்றனர். மூன்று மாதம் கழிந்தும் ஒருவரும் திரும்பாதபோது நம்புவோர் குறைந்தனர். பின்னர் தோட்டத்திற்கு இத்தனை தலை என்று கேட்டு வாங்கினர். கங்காணிகளும் கிராணிமாரும் பெயர்ப்பட்டியல் எழுதும் நிலைக்கு ஆளாயினர். கள்ளுக்கடைகளிலும் கூட்டங்களிலும் இருந்தவர்களை வளைத்து லாரியில் ஏற்றிய செய்திகளையும் முதியோர் பலர் கூறியுள்ளனர். மூடிய சரக்கு வண்டிகளில் நான்கைந்து நாள் பயணம் செய்து பான் போங் என்னும் ஊரில் இறங்கியோர், அங்கிருந்து காட்டுக்குள் நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் நடத்தப்பட்டனர். மனைவி மக்களோடு சென்ற குடும்பங்களும் இருந்தன.

கைதிகளுக்கு அவர்களுடைய படை அதிகாரிகள் இருந்தனர், மருத்துவர்கள் இருந்தனர், மருந்தில்லாவிடினும் கொதித்த நீரைத் தவிர வேறு நீரைக் குடிக்கலாகாது என்று கட்டளையிட ஒருவர் இருந்தார். தோட்டத் தொழிலாளர் முகாம்களில் அத்தகைய ஒழுங்கு எதுவும் இல்லை. 1943ஆம் ஆண்டின் பருவமழை முன்னதாகவே தொடங்கிக் கொட்டியது. மலக்குழிகள் நிரம்பி வழிந்து ஓடைகளில் கலந்தன. மே, ஜூன் மாதங்களில் வாந்திபேதி பரவியபோது, தொழிலாளர் முகாம்கள் சில நாட்களிலேயே பாதியாயின. மலேரியாவும் சீதபேதியும் எஞ்சியவரை வாட்டின. இறந்தோரை எரிக்கவும் புதைக்கவும் வலுவுள்ளோர் இல்லாத நிலையில், பெருங்குழிகளில் பலரை ஒருங்கே இட்டு மண் தள்ளினர்.

அவ்வாழ்க்கை முழுவதிலும் மூங்கில் ஊடுருவி நின்றதை நினைக்கும்போது வியப்பும் வேதனையும் ஒருங்கே தோன்றும். முகாமின் தூண் மூங்கில். படுக்கும் பரண் பிளந்த மூங்கில். தண்ணீர்க் குவளை மூங்கில். இரவு வேலைக்குக் கொளுத்திய தீவட்டி மூங்கில். காவலனின் கையிலிருந்த கழியும் மூங்கில். காட்டை வெட்டும்போது காலில் கீறிய மூங்கில் முள்தான், போதிய உணவில்லாத உடலில் எலும்பு தெரியும் அளவுக்கு அழுகிப் பரவும் வெப்பமண்டலப் புண்ணாக மாறியது. வெட்டியெறிந்த மூங்கிலுக்கு மண்ணடியில் கிழங்கு இருக்கிறது. மேலே வெட்ட வெட்ட அது கீழேயிருந்து குருத்து விடும். வேலை முடிந்து ஆட்கள் அகன்றதும் முதலில் திரும்பி வந்தது அதுவே.

போர் 1945ஆம் ஆண்டு ஆகஸ்டில் முடிந்தது. அதற்கு அடுத்த மாதமே நேச நாட்டுப் படையினரின் குழுவொன்று, கைதிகளாயிருந்தவர்களையும் உடனழைத்துக்கொண்டு, அந்த இரயிலிலேயே ஏறிப் பாதை நெடுகிலும் கல்லறைகளைத் தேடியது. கைதிகள் தம் தோழர்களைப் புதைத்தபோது இடத்தையும் பெயரையும் மறைவாகக் குறித்து வைத்திருந்தனர்; சில குறிப்புகளைக் கல்லறைகளிலேயே புட்டிகளில் அடைத்துப் புதைத்திருந்தனர். அக்குறிப்புகளின் துணையால் 144 புதைகாடுகளில் ஏறத்தாழ 10,500 கல்லறைகளைக் குழுவினர் கண்டறிந்தனர். காடு அதற்குள்ளாகவே சிலுவைகளின் மேல் கொடி படர விட்டிருந்தது. இன்னும் இரண்டு மழைக்காலம் தாழ்த்திருந்தால் அவற்றுள் பல தப்பியிரா. எலும்புகள் திரட்டப்பட்டு, காஞ்சனபுரி, சுங்காய், தான்பியூசயாட் ஆகிய மூன்று இடங்களில் அடக்கம் செய்யப்பட்டன. அமெரிக்கரின் உடல்கள் அவர்தம் நாட்டுக்குச் சென்றன. காஞ்சனபுரியில் மட்டும் ஏறத்தாழ 7,000 பேர். ஒவ்வொருவர்க்கும் ஒரு பலகை, ஒரு பெயர், அடியில் ஒரு பூஞ்செடி. புல் வாரந்தோறும் வெட்டப்படுவது போலச் சீராக இருக்கிறது.

தொழிலாளர் முகாம்களைத் தேடி அவ்வாறு ஒரு குழு செல்லவில்லை. சென்றிருந்தாலும் கையில் பிடித்துச் செல்ல ஒரு வரைபடம் இல்லை. எழுதத் தெரிந்தவர் சிலர். எழுதத் தாள் இல்லை. எழுதி வைத்தாலும் அதைக் கேட்டு வாங்க ஓர் அரசு இல்லை. அத்தாப்புக் கூரையும் மூங்கில் தூணும் கொண்ட கொட்டகைகள் இரண்டு மூன்று மழையில் மட்கிச் சரிந்தன. குழியின் மேல் மண் தாழ்ந்தது. தாழ்ந்த இடத்தில் நீர் தேங்கியது. நீர் தேங்கிய இடத்தில் காட்டு வாழை வளர்ந்தது. இதற்கு மேல் அடையாளம் எதுவும் இல்லை.

இரயில் பாதையின் கதை வேறு. எல்லையருகே சில கிலோமீட்டர் தண்டவாளத்தை ஆங்கிலேயர் பெயர்த்தெடுத்துப் பாதையைத் துண்டித்தனர். சயாம் எல்லைக்குட்பட்ட பகுதி விலைக்குத் தாய்லாந்து அரசிடம் ஒப்படைக்கப்பட்டது. அவ்வரசு வணிகக் கண்ணோடு கணக்குப் பார்த்தது. ஊர்கள் உள்ள தாழ்நிலப் பகுதியைச் செப்பனிட்டு, 1949இல் காஞ்சனபுரி வரையும், 1952இல் வாங் போ வரையும், 1958இல் நாம் தோக் வரையும் இரயில் விட்டது. அதற்கப்பால் மலை; ஊரில்லை; சரக்கில்லை. தண்டவாளம் கழற்றப்பட்டது, தடம் கைவிடப்பட்டது.

கைவிடப்பட்ட இரயில் தடத்தைக் காடு எவ்வாறு கைக்கொள்கிறது என்பது மாணவர் அறிந்துகொள்ளத்தக்கது. அது பெருமரத்தோடு தொடங்குவதில்லை. அடைபட்ட ஒரு மதகோடு தொடங்குகிறது. இரயில் தடம் என்பது நீரோடு செய்துகொண்ட உடன்பாடு. மலைச்சரிவில் இறங்கும் மழைநீரைச் சிறு மதகுகளின் வழியே மேட்டுக்கடியில் கடத்திவிட்டால்தான் மண்மேடு நிற்கும். பராமரிப்போர் இல்லாத முதல் ஆண்டிலேயே சருகும் மண்ணும் மதகுகளை அடைத்தன. வழி காணாத நீர் மேட்டின் மேல் ஏறி மறுபுறம் விழுந்து, அதனை அரிந்து அறுத்தது. வெட்டுப் பள்ளங்களில் இதற்கு நேர்மாறாக, மேலிருந்து சரிந்த மண் நிரம்பியது. மேடு பள்ளமாகவும் பள்ளம் மேடாகவும் ஆகி, மலை தன் பழைய வடிவை நோக்கித் திரும்பியது. சல்லிக் கற்களுக்கிடையே முதலில் புல் முளைத்தது, பிறகு கொடி, பின்னர் மூங்கில், அதன் நிழலில் மெல்லெனத் தேக்கும் பிற மரங்களும். சிலிப்பர்க் கட்டைகள் உலர்த்தாத பச்சை மரத்தில் அவசரமாக அறுக்கப்பட்டவை; கறையான்கள் அவற்றைச் சில ஆண்டுகளில் மண்ணாக்கின. எஞ்சியவை இரும்பு ஆணிகள் மட்டுமே. அவையும் துருவேறி மண்ணின் நிறமாகவே கிடந்தன.

காடு மட்டுமே எல்லாவற்றையும் எடுத்தது என்று கூறுவது நேர்மையாகாது. கிராமத்தார் இரும்பை எடுத்து விற்றனர். தடத்தின் மேடு சிலவிடங்களில் வண்டிப்பாதையாயிற்று. சிலவிடங்களில் மரவள்ளியும் கரும்பும் நடப்பட்டன. இதில் குற்றம் காண ஏதுமில்லை. அந்த இரயிலை அவர்கள் கேட்டுப் பெறவில்லை.

பாதை முழுவதிலும் 688 பாலங்கள் இருந்தன என்பர். உலகம் அறிந்திருப்பது ஒன்றே. அதுவும் இரும்புப் பாலம். காஞ்சனபுரியில் குவாய் யாய் ஆற்றின் மேல் நிற்கும் அப்பாலத்தின் வளைந்த கண்கள் சாவகத்திலிருந்து கொண்டுவரப்பட்டவை. குண்டுவீச்சில் விழுந்த இடத்தில் போருக்குப்பின் பொருத்தப்பட்டவை கோண வடிவின. 1957ஆம் ஆண்டில் வெளிவந்த ஆங்கிலத் திரைப்படம் ஒன்று அதற்குப் புகழ் தேடித் தந்தது. அத்திரைப்படம் எடுக்கப்பட்டதோ இலங்கையின் கித்துல்கலையில். படத்தில் சொல்லிய பெயரில் அங்கே ஆறு இல்லையே என்று சுற்றுலாப் பயணிகள் கேட்கத் தொடங்கியதால், மே குலோங் என்று வழங்கிய ஆற்றின் அப்பகுதிக்கு 1960களில் குவாய் யாய் என்று பெயர் மாற்றினர். ஒரு கற்பனைக் கதைக்காக ஆற்றின் பெயரே மாறியது. அக்கதையில் தோட்டத் தொழிலாளரைத் தேடினால் கிடைக்கமாட்டார்.

மற்றப் பாலங்களுள் பெரும்பாலானவை மரத்தாலானவை. ஹிந்தோக் முகாமருகே கைதிகள் கட்டிய உயரமான மரப்பாலம், கட்டும்போதே மூன்று முறை சரிந்து விழுந்ததால் 'சீட்டுக்கட்டுப் பாலம்' என்று பெயர் பெற்றது. இன்று அவ்விடத்தில் பாலம் இல்லை. மரங்கள் அடர்ந்த பள்ளத்தாக்கே இருக்கிறது. ஆனால் அதற்குத் தெற்கே வாங் போவில், ஆற்றின் மேல் செங்குத்தாக நிற்கும் பாறையை ஒட்டி வளையும் மரப்பாலம் அப்படியே நிற்கிறது; நாள்தோறும் இரயில் அதன்மேல் ஊர்ந்து செல்கிறது. இரண்டும் ஒரே ஆண்டில், ஒரே காட்டு மரத்தில், ஒரே வகை ஆட்களால் கட்டப்பட்டவை. ஒன்றில் மட்கிய கட்டையை மாற்ற ஆள் இருந்தார்; மற்றதில் இல்லை. வாங் போவில் இன்று நிற்கும் கட்டைகளுள் 1943ஆம் ஆண்டைச் சேர்ந்தவை எத்தனையோ. எனினும் பாலம் அதே பாலந்தான். இயற்கையின் வலிமையைப் பற்றிப் பேசுவோர் இவ்விரு பாலங்களையும் அருகருகே வைத்துப் பார்த்துவிட்டுப் பேசுதல் நன்று.

வடக்கே நீர் வேறொரு முறையில் வந்தது. குவாய் நோய் ஆற்றின் குறுக்கே கட்டப்பட்ட காவ் லெம் அணை 1984ஆம் ஆண்டில் நிறைவெய்தியது. பின்னர் அதற்கு வஜிரலோங்கோர்ன் அணை என்று பெயர் சூட்டப்பட்டது. பழைய சங்கலபுரி ஊரும், மோன் மக்களின் கோயிலும், கைவிடப்பட்ட இரயில் தடத்தின் நீண்டதொரு பகுதியும் நீருக்கடியில் சென்றன. கோடையில் நீர் வற்றும்போது கோயிலின் சுவர்கள் வெளிப்படுகின்றன. மக்கள் படகேறிச் சென்று வணங்குகின்றனர். இரயில் தடம் வெளிப்பட்டாலும் அது சேறாகவே தெரியும். அந்தச் சேற்றின் கரைகளில் இருந்த தொழிலாளர் முகாம்களை இனி எவரும் தோண்ட இயலாது.

காட்டின் கையிலிருந்து ஓரிடம் மட்டும் மீட்கப்பட்டது. அது கொன்யூ மலையில் குடைந்த பாறை வெட்டு. ஏறத்தாழ 25 மீட்டர் ஆழத்திற்குச் சுண்ணாம்புப் பாறையைச் சுத்தியலாலும் உளியாலும் வெடிமருந்தாலும் பிளந்தனர். 1943ஆம் ஆண்டு ஏப்ரலில் தொடங்கிய அவ்வேலை இரவும் பகலும் நடந்தது. மூங்கில் தீவட்டிகளின் வெளிச்சத்தில் எலும்பும் தோலுமான உருவங்கள் சுத்தியல் ஓங்கிய காட்சி நரகத்தை ஒத்திருந்ததால், கைதிகள் அதற்கு 'நரகத்தீக் கணவாய்' என்று பெயரிட்டனர். போருக்குப்பின் நாற்பதாண்டு அது மரங்களுக்குள் மறைந்து கிடந்தது. முன்னாள் கைதியான டாம் மோரிஸ் என்னும் ஆஸ்திரேலியர் 1980களின் தொடக்கத்தில் அங்குத் திரும்பிச் சென்று, புதரினூடே அதனைத் தேடிக் கண்டார். அதைத் துப்புரவாக்கிப் பாதுகாக்க வேண்டுமென்று தம் நாட்டு அரசிடம் வேண்டினார். அரசு செவிசாய்த்தது. மரங்கள் வெட்டப்பட்டன, படிகள் அமைக்கப்பட்டன, 1998ஆம் ஆண்டு ஏப்ரலில் ஆஸ்திரேலியப் பிரதமர் ஜான் ஹோவார்ட் அங்கு நினைவுக் காட்சியகத்தைத் திறந்து வைத்தார். பாறைச் சுவரில் உளியின் வடுக்கள் இன்றும் உள்ளன. ஓரிடத்தில் உடைந்த துளைக்கம்பி பாறைக்குள்ளேயே சிக்கி நிற்கிறது. தண்டவாளம் கிடந்த தடத்தின் நடுவே ஒரு மரத்தை வெட்டாமல் விட்டிருக்கிறார்கள். கல் எதையும் மறக்கவில்லை. அதை மூடியிருந்தது சருகு மட்டுமே. அச்சருகை அகற்றுவதற்கு ஒரு மனிதர் போதுமானவராக இருந்தார். அவருக்குப் பின்னால் ஓர் அரசும் இருந்தது.

தோட்டத்திற்குத் திரும்பி வந்த தமிழருள் அவ்வாறு சென்று தேடும் வசதி படைத்தவர் யார்? 1945, 46ஆம் ஆண்டுகளில் மெலிந்த உடலும் புண்ணான காலுமாகத் திரும்பியவர்கள் மறுநாள் பால்மரத்தைத் தேடிப் போனார்கள். கணவனை இழந்த பெண்களும், பெற்றோரை இழந்த பிள்ளைகளும் இலயங்களில் நிறைந்திருந்தனர். சொல்லுவதற்குச் சொல் கிடைக்கவில்லை. கிடைத்தவர் சொன்னதைக் கேட்க எவருக்கும் நேரமில்லை. நீண்ட காலத்திற்குப் பிறகே ஆர். சண்முகம் 'சயாம் மரண ரயில்' நாவலையும், அ. ரெங்கசாமி 'நினைவுச் சின்னம்' நாவலையும் எழுதினர். மலேசியத் தமிழர்க்கு இவ்வரலாற்றில் முதலிற் கிடைத்தவை கற்களல்ல, நூல்கள்.

கற்கள் முற்றிலும் இல்லை என்றும் சொல்வதற்கில்லை. காஞ்சனபுரியில், இரும்புப் பாலத்திற்கு அண்மையில், ஜப்பானிய இரயில் படைப்பிரிவு 1944ஆம் ஆண்டிலேயே ஒரு நினைவுத்தூணை எழுப்பியது. பாதையமைப்பில் மாண்டவர்களுக்கென்று அவர்களை மாள வைத்தோரே எழுப்பிய தூண் அது. அதன் சுற்றுச்சுவரில் பல மொழிகளில் கல்வெட்டுகள் பதிக்கப்பட்டுள்ளன. அவற்றுள் ஒன்று தமிழ். இலட்சக்கணக்கான சுற்றுலாப் பயணிகள் பாலத்தின் மேல் நடந்து படம் எடுத்துச் செல்கின்றனர். அந்தத் தூணருகே நின்று தமிழ் வரிகளைப் படிப்போர் மிகச் சிலரே. நகரின் வாட் தவோன் கோயிலிலும் ஆசியத் தொழிலாளரின் எலும்புகளுக்கென ஒரு தூபி இருக்கிறது.

1990ஆம் ஆண்டின் இறுதியில் காஞ்சனபுரியில் விளைநிலம் ஒன்றைத் தோண்டியபோது மண்ணுக்கடியிலிருந்து மண்டையோடுகளும் எலும்புகளும் வெளிப்பட்டன. தோண்டத் தோண்ட நூற்றுக்கணக்கான உடல்கள். ஒழுங்கின்றி, ஒன்றன்மேல் ஒன்றாக, சிலுவையோ பலகையோ இன்றிக் கிடந்த அவை ஆசியத் தொழிலாளருடையவை என்று அறிந்தோர் கூறினர். நாற்பத்தேழு ஆண்டுகளாக அந்நிலத்தை உழுதவர்களுக்கு அடியில் கிடந்தோர் யாரெனத் தெரியாது. பெயர் தெரியாத எலும்பை எந்த நாட்டுக்கு அனுப்புவது என்ற வினாவுக்கும் விடை கிடைக்கவில்லை.

2023ஆம் ஆண்டில், அதே காஞ்சனபுரியில், சயாம் இரயிலில் மடிந்த தமிழருக்கென நடுகல் ஒன்று நாட்டப்பட்டது. போரில் வீழ்ந்தோர்க்குக் கல் நடுவது சங்ககாலந்தொட்டு வந்த தமிழர் வழக்கம். பெயரும் பீடும் எழுதுவது அதன் இலக்கணம். இந்தக் கல்லில் எழுதப் பெயர்ப்பட்டியல் இல்லை.

நாம் தோக்கில் இறங்கும் பயணிகள் பெரும்பாலும் அருவியைப் பார்த்துவிட்டு மாலை இரயிலில் திரும்பிவிடுவர். தண்டவாளம் முடியும் இடத்திலிருந்து வடக்கே கணவாயை நோக்கிச் செல்லும் நெடுஞ்சாலையில் பயணம் செய்வோர், இடையிடையே மலைச்சரிவில் நேர்கோடாக ஓடும் ஒரு மேட்டைக் காணலாம். மேட்டின் மேல் மூங்கில் மற்ற இடங்களைவிடச் சற்று இளமையாக, ஒரே உயரத்தில், வரிசையாக நிற்கும். அந்த வரிசையைப் பின்தொடர்ந்தால் பாதை சென்ற வழி தெரிந்துவிடும். முகாம்கள் இருந்த இடங்களில் அத்தகைய வரிசையும் இல்லை.